ஒரு துணிக்கடை லைசென்ஸும் பதின்மூன்று ஆண்டுக் குழப்பமும்

ஒரு சின்ன ஜவுளிக் கடையின் பேலன்ஸ் ஷீட்டை எடுத்துப் பாருங்கள். சரக்கு இருக்கும், கடனாளிகள் இருப்பார்கள், மேஜை நாற்காலி கூட இருக்கும். லைசென்ஸ் இருக்காது. இருந்தாலும் அதற்குக் கட்டிய கட்டணம், சில நூறு ரூபாய், செலவுக் கணக்கில் போய் மறைந்திருக்கும். ஆனால் அந்தக் காகிதம் இல்லையென்றால் மேலே சொன்ன சரக்கை ஒரு முழம் கூட விற்க முடியாது. கணக்கில் மதிப்பே இல்லாத ஒன்றின் மேல்தான் கணக்கில் உள்ள எல்லாமே நிற்கிறது.

அந்தக் காகிதத்தை அரசாங்கம் ரத்து செய்ய நினைத்தால், செய்வதற்கு முன்னால் கடைக்காரரைக் கூப்பிட்டு "உங்கள் மேல் இப்படி ஒரு புகார், என்ன சொல்கிறீர்கள்?" என்று கேட்க வேண்டுமா? இன்றைக்கு "இது என்ன கேள்வி, கேட்கத்தானே வேண்டும்" என்றுதான் தோன்றும். ஆனால் 1950 முதல் 1963 வரை ஆங்கிலச் சட்டத்தைப் பின்பற்றிய நாடுகளில் இதற்குக் கிடைத்த பதில் "வேண்டியதில்லை" என்பதுதான். அந்தப் பதிலை உலகத்துக்குக் கொடுத்த வழக்கு நமக்கு மிகவும் பக்கத்தில், இலங்கையில் பிறந்தது. வழக்குப் போட்டவர் நக்குடா அலி என்ற துணி வியாபாரி.

இரண்டாம் உலகப்போர் காலம். அரிசி, சர்க்கரை போலத் துணிக்கும் பஞ்சம். இலங்கை அரசு ஜவுளி விற்பனையைக் கட்டுப்பாட்டுக்குள் கொண்டு வந்தது. லைசென்ஸ் உள்ளவர்தான் துணி விற்கலாம். வாங்குபவர் காசோடு கூப்பனும் கொடுக்க வேண்டும். கடைக்காரர் சேர்ந்த கூப்பன்களைப் பணம் கட்டுவது போலவே வங்கியில் கட்ட வேண்டும், பே-இன் ஸ்லிப்போடு! கூப்பன் கணக்கில் எவ்வளவு வரவு இருக்கிறதோ அந்த அளவுக்குத்தான் புதுச் சரக்கு எடுக்கலாம். காமர்ஸ் படிப்பவர்களுக்கு இதன் அழகு உடனே புரியும். ரூபாய்க்கு ஒரு கணக்கு, கூப்பனுக்கு ஒரு கணக்கு என்று இரண்டு நாணயங்களில் நடந்த வியாபாரம் அது. ஸ்லிப்பில் எண்ணைக் கூட்டி எழுதினால், இல்லாத கூப்பனுக்கும் சரக்கு கிடைத்துவிடும் என்பதும் உடனே புரியும்.

நக்குடா அலி மேல் வந்த புகார் அதுதான். அவருடைய கூப்பன் ஸ்லிப்களில் எண்கள் திருத்தப்பட்டிருக்கின்றன என்றார்கள். 1945ஆம் ஆண்டின் ஜவுளிக் கட்டுப்பாட்டு விதிகளில் 62ஆவது விதி, ஒரு வியாபாரி தொழிலில் தொடரத் தகுதியற்றவர் என்று நம்புவதற்கு 'நியாயமான காரணங்கள்' இருந்தால் அவருடைய லைசென்ஸைக் கட்டுப்பாட்டு அதிகாரி ரத்து செய்யலாம் என்றது. அதிகாரி ஜயரத்ன ரத்து செய்தார். வியாபாரி இலங்கை உச்ச நீதிமன்றத்துக்குப் போய் செர்ஷியோராரி ரிட் கேட்டார் (கீழே உள்ள ஓர் அமைப்பின் உத்தரவை வரவழைத்துப் பார்த்து, தவறாக இருந்தால் அடித்துப்போடும் ரிட்). தோற்றார். அப்போது இலங்கைக்குக் கடைசி மேல்முறையீடு லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில். அங்கும் போனார். 1950இல் ராட்கிளிஃப் பிரபு தீர்ப்பை வாசித்தார்.

தீர்ப்பின் முதல் பாதி வியாபாரிக்குச் சாதகமானது, அதுவும் துணிச்சலாக. போர் நடந்துகொண்டிருந்தபோது, 1941இல், இதே 'நியாயமான காரணம்' என்ற சொல் இங்கிலாந்தின் பிரபுக்கள் சபைக்கு வேறு ஒரு வழக்கில் வந்திருந்தது. லிவர்சிட்ஜ் என்பவரை விசாரணை இல்லாமல் சிறையில் வைத்த வழக்கு அது. நியாயமான காரணம் இருப்பதாக அமைச்சர் நினைத்தாலே போதும் என்று பெரும்பான்மை நீதிபதிகள் சொன்னார்கள். அட்கின் பிரபு ஒருவர் மட்டும், காரணம் இருக்கிறது என்பதும் காரணம் இருப்பதாக ஒருவர் நினைக்கிறார் என்பதும் வேறு வேறு என்று தனியாக நின்று வாதாடினார். கொழும்பு வழக்கில் ராட்கிளிஃப் பிரபு இந்த விஷயத்தில் அட்கின் பக்கம் சாய்ந்தார். அதிகாரி நம்பினால் மட்டும் போதாது, நம்புவதற்கான காரணம் உண்மையிலேயே இருக்க வேண்டும் என்றார்.

இங்கேயே நிறுத்தியிருந்தால் நக்குடா அலியின் பெயர் வேறு மாதிரி நினைவில் நின்றிருக்கும். அடுத்த பாதியில் எல்லாம் தலைகீழானது. அதிகாரிக்குக் காரணம் இருக்க வேண்டும், சரி. ஆனால் அவர் நீதிபதி போல நடந்துகொள்ள வேண்டிய கடமை எதுவும் விதியில் இல்லை. லைசென்ஸை ரத்து செய்யும்போது அவர் யாருடைய உரிமையையும் தீர்மானிக்கவில்லை. கொடுத்திருந்த ஒரு சலுகையைத் திரும்ப எடுத்துக்கொள்ளும் நிர்வாக நடவடிக்கைதான் அது. ஆகவே ரிட் கிடைக்காது. சாராம்சம் இவ்வளவுதான்.

'சலுகை' என்ற அந்த ஒற்றைச் சொல்லைக் கவனியுங்கள். கட்டுப்பாடு வருவதற்கு முன்னால் துணி விற்பது யாருடைய சலுகையும் இல்லை, எவர் வேண்டுமானாலும் கடை திறக்கலாம். அரசு முதலில் ஒரு சட்டம் போட்டு எல்லோரையும் தடுக்கிறது. பிறகு சிலருக்கு மட்டும் தடையை விலக்குகிறது. அப்படி விலக்கியதைத் தன்னுடைய தாராள குணம் போலக் காட்டுகிறது. வழியில் கதவு போட்டவரே, திறந்துவிட்டதற்கு நன்றி சொல்லச் சொல்வது போல! பின்னாளில் ராஜாஜி 'லைசென்ஸ் பர்மிட் கோட்டா ராஜ்' என்று சாடியது இந்த மனநிலையைத்தான்.

இதில் இன்னொரு வேடிக்கை உண்டு. ரத்து செய்வதற்கு முன்பு நக்குடா அலிக்குக் குற்றச்சாட்டைத் தெரிவித்து விளக்கம் கேட்டிருந்தார்கள், அவரும் பதில் கொடுத்திருந்தார். நீதிபதி போல நடக்க வேண்டிய கடமை இருந்ததாக வைத்துக்கொண்டாலும் இங்கே அநியாயம் எதுவும் நடக்கவில்லை என்று பிரிவி கவுன்சிலே சொன்னது. அப்படியென்றால் "உங்களிடம் கேட்டார்கள், அது போதும், வழக்கு தள்ளுபடி" என்று ஒரு பக்கத்தில் முடித்திருக்கலாம். கேட்கவே தேவையில்லை என்ற பெரிய விதியை இந்த வழக்கில் சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. அவசியமில்லாமல் சொன்னதுதான் பதின்மூன்று ஆண்டுகள் நின்றது.

இத்தனைக்கும் ஆங்கிலச் சட்டத்துக்கு இது பழக்கமில்லாத விஷயமும் அல்ல. மறுதரப்பையும் கேள் என்ற விதி மிகப் பழையது. 1723இல் ரிச்சர்ட் பென்ட்லி என்ற பெரிய அறிஞரின் பட்டங்களைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அவரை விசாரிக்காமல் பறித்த வழக்கில், ஆதாமைக் கூட ஏதேன் தோட்டத்திலிருந்து விரட்டுவதற்கு முன் கடவுள் கூப்பிட்டுக் கேட்டுவிட்டுத்தான் தண்டித்தார் என்று ஒரு நீதிபதி சொன்னார். பட்டங்கள் திரும்பக் கிடைத்தன. (நமக்கு ஏதேன் வரை போக வேண்டாம். கோவலனை ஒரு வார்த்தை கேட்காமல் கொல்லச் சொன்ன பாண்டியன் கதை போதும்.)

1863இல் கூப்பர் வழக்கு. லண்டனில் வீடு கட்டுவதற்கு ஏழு நாள் முன்னதாக உள்ளூர் வாரியத்துக்கு நோட்டீஸ் கொடுக்க வேண்டும், கொடுக்காவிட்டால் வாரியம் இடித்துவிடலாம் என்று சட்டம். கூப்பரின் வீடு இரண்டாம் மாடி வரை வந்துவிட்டது. வாரியம் ஒரு வார்த்தை சொல்லாமல், மாலையில் ஆட்களை அனுப்பி இடித்துத் தள்ளியது. சட்டத்தில் 'விசாரிக்க வேண்டும்' என்று எங்கேயும் இல்லையே என்று வாதாடியது. நீதிபதிகள் ஒப்புக்கொள்ளவில்லை. சட்டசபை எழுத மறந்ததை நீதி நிரப்பிக்கொள்ளும் என்பது பைல்ஸ் என்ற நீதிபதியின் கருத்து. இடிப்பதற்கு முன் அவரைக் கேட்டிருந்தால் வாரியத்துக்கு என்ன நஷ்டம் வந்துவிடும் என்று தலைமை நீதிபதி எர்ல் கேட்டார். இன்றைக்கும் இதைவிட நல்ல கேள்வி இல்லை.

இவ்வளவு தெளிவாக இருந்த விஷயம் எப்படிக் குழம்பியது? 1924இல் அட்கின் (அதே அட்கின்தான்!) செர்ஷியோராரி எப்போது கிடைக்கும் என்று விளக்கும்போது, மக்களின் உரிமைகளைப் பாதிக்கும் முடிவெடுக்க அதிகாரமும், நீதித்தன்மையோடு நடக்கும் கடமையும் உள்ள அமைப்புகள் என்று எழுதினார். உரிமையைப் பாதிக்கும் முடிவு என்றால் அந்தக் கடமை தானாகவே கூட வரும் என்ற பொருளில்தான் பழைய வழக்குகள் இருந்தன. ஆனால் 1920களின் இறுதியில் ஹிவார்ட் என்ற தலைமை நீதிபதி அந்த வாக்கியத்தை இரண்டு தனித்தனி நிபந்தனைகளாகப் படித்தார். அதிகாரம் இருந்தால் போதாது, 'நீதிபதி போல நடந்துகொள்' என்று சட்டம் தனியாகவும் சொல்லியிருக்க வேண்டும் என்றானது. எந்தச் சட்டத்தில் அப்படித் தனியாக எழுதுவார்கள்? இந்த வாசிப்பைத்தான் ராட்கிளிஃப் பிரபு எடுத்துக்கொண்டு கொழும்பு வியாபாரியின் வழக்கில் பொருத்தினார். கூப்பர் போன்ற பழைய வழக்குகள் மறைந்தே போயின.

விளைவு சீக்கிரமே தெரிந்தது. 1953இல் லண்டன் டாக்ஸி ஓட்டுநர் பார்க்கரின் லைசென்ஸ் பறிபோனது. அவருடைய வண்டி விபச்சாரத்துக்குப் பயன்பட்டது என்பது குற்றச்சாட்டு. தன் பக்கம் ஒரு சாட்சி இருக்கிறார், அவரைக் கேளுங்கள் என்றார். கேட்கவில்லை. இது ஒழுங்கு நடவடிக்கை, போலீஸ் கமிஷனரின் கையை நீதிமன்ற நடைமுறைகளால் கட்டிப்போடக் கூடாது என்று கோடார்ட் பிரபுவின் நீதிமன்றம் கைவிரித்தது. இந்தியாவிலும் அந்தக் காற்று அடித்தது. கல்கத்தாவில் உணவு விடுதி நடத்த ஒருவருக்கு போலீஸ் கமிஷனர் லைசென்ஸ் மறுத்த வழக்கில், 1961ஆம் ஆண்டுத் தொகுப்புகளில் வெளியான தீர்ப்பு, கமிஷனர் அவரைக் கூப்பிட்டு விசாரிக்கக் கடமைப்பட்டவர் இல்லை என்றது. ஆந்திரப் பிரதேச உயர் நீதிமன்றத்திலிருந்து போன நீதிபதி சுப்பா ராவ் அதில் மாறுபட்டார். 

அதே சமயத்தில் இன்னொரு வழக்கும் நடந்தது, இதை மாணவர்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். உத்தரப் பிரதேசத்தில் மூன்று பேர் 1954இல் இண்டர்மீடியட் தேர்வில் பாஸ் ஆகிவிட்டார்கள். பிறகு காப்பி அடித்தார்கள் என்று சொல்லி, அவர்களை ஒன்றுமே கேட்காமல் போர்டு ரிசல்ட்டை ரத்து செய்து, அடுத்த ஆண்டுத் தேர்வுக்கும் தடை போட்டது. 1962இல் உச்ச நீதிமன்றம் அது செல்லாது என்றது. விதிகளில் விசாரணை பற்றி ஒரு வரியும் இல்லாவிட்டாலும், ஒருவருடைய எதிர்காலத்தையே பாதிக்கும் முடிவு என்பதாலேயே கேட்கும் கடமை வருகிறது என்றது. கடை நடத்துபவருக்கு இல்லாத பாதுகாப்பு பரீட்சை எழுதியவருக்குக் கிடைத்தது! சட்டம் ஒரே நேரத்தில் இரண்டு பக்கமும் போய்க்கொண்டிருந்த காலம்.

முடிச்சு அவிழ்ந்தது துணிக்கடையிலும் இல்லை, டாக்ஸியிலும் இல்லை. பிரைட்டன் நகர போலீஸ் தலைமை அதிகாரி சார்லஸ் ரிட்ஜ் மேல் சதி வழக்கு; விடுதலையானார். ஆனால் விசாரித்த நீதிபதி அவருடைய தலைமையைக் குறை சொன்னார். 1958 மார்ச்சில் நகரத்தின் போலீஸ் மேற்பார்வைக் குழு அவரை அழைக்காமலே வேலையை விட்டு நீக்கியது. போனது வேலை மட்டுமல்ல, பென்ஷனும். வழக்கு பிரபுக்கள் சபை வரை போய் 1963 மார்ச்சில் ரிட்ஜ் ஜெயித்தார். ரீட் பிரபு பழைய வழக்குகளை ஒவ்வொன்றாக எடுத்து அடுக்கினார். கடைசியில் நக்குடா அலி தீர்ப்புக்கு வந்து, பழைய வழக்குகளைப் பற்றிய கடுமையான தவறான புரிதலின் மேல் அது எழுதப்பட்டது, அதை அதிகாரபூர்வமான வழிகாட்டியாகக் கொள்ள முடியாது என்றார். ஹிவார்ட் சேர்த்த தனி நிபந்தனையும் அதோடு போனது. அதிகாரம் ஒருவரைப் பாதிக்கிறதா? அப்படியானால் கேட்கும் கடமை அதிலேயே இருக்கிறது.

ஒரு போலீஸ் அதிகாரியின் பென்ஷனால் உலகத்தில் உள்ள கடைக்காரர்களுக்கெல்லாம் வழி பிறந்தது. நக்குடா அலிக்கு மட்டும் அதனால் பயன் இல்லை.

இலங்கைக்கே இந்தப் புது வெளிச்சம் திரும்பி வந்ததும் ஒரு கதை. 1966 மே 29 அன்று யாழ்ப்பாண மாநகர சபையை, அது கடமைகளைச் செய்யத் தகுதியற்றது என்று சொல்லி அமைச்சர் கலைத்தார். சபையிடம் விளக்கம் கேட்கவில்லை. மேயர் வழக்குத் தொடுத்தார். 'துரையப்பா எதிர் பெர்னாண்டோ' என்று சட்டப் புத்தகங்களில் இன்றும் இருக்கிறது. 1967இல் அதே பிரிவி கவுன்சில், ஆனால் இந்த முறை வேறு குரலில் பேசியது. பறிக்கப்படுவது என்ன, எந்தச் சூழ்நிலையில் அதிகாரம் வருகிறது, என்ன தண்டனை என்ற மூன்றையும் பார்க்க வேண்டும். பார்த்தால், கலைப்பதற்கு முன் சபையைக் கேட்டிருக்க வேண்டும் என்றது. ஆகா, யாழ்ப்பாணம் ஜெயித்தது என்று நினைத்தால்... இல்லை. அநியாயம் நடந்தது சபைக்கு, முறையிட வேண்டியதும் சபைதான், மேயர் தனியாக வந்து கேட்க முடியாது என்று வழக்கைத் தள்ளிவிட்டார்கள்! கலைக்கப்பட்ட சபை எப்படிக் கூடி வழக்குப் போடத் தீர்மானம் நிறைவேற்றும் என்று யோசித்தால் தலை சுற்றும். இந்தப் பகுதியைச் சட்ட அறிஞர்கள் கடுமையாக விமர்சித்தார்கள். கொழும்பு வியாபாரிக்கு விதி தவறாகச் சொல்லப்பட்டது. யாழ்ப்பாண மேயருக்கு விதி சரியாகச் சொல்லப்பட்டது. இருவருமே வெறுங்கையோடு திரும்பினார்கள்.

கடைக்காரர் ஒருவர் நிஜமாகவே ஜெயித்ததைப் பார்க்க 1976க்கு வர வேண்டும். இங்கிலாந்தில் பார்ன்ஸ்லி சந்தையில் ஹூக் என்பவர் ஸ்டால் போட்டிருந்தார். ஒரு நாள் மாலை, கழிப்பறைகளைப் பூட்டிவிட்ட பிறகு, பக்கத்துச் சந்தில் சிறுநீர் கழித்தார். நகராட்சி ஊழியர்கள் பார்த்துவிட்டார்கள், வாய்ச்சண்டை வந்தது. அவ்வளவுதான். சந்தை மேலாளர் அவருடைய லைசென்ஸை வாழ்நாள் முழுவதற்கும் ரத்து செய்தார். ஹூக் நகராட்சிக் குழுவிடம் முறையிட்டார். குழு முடிவெடுத்தபோது ஹூக் வெளியே, குற்றம் சாட்டிய மேலாளர் உள்ளே. டென்னிங் பிரபுவின் நீதிமன்றம் ரத்தை ரத்து செய்தது. குற்றம் சாட்டியவரே தீர்மானிக்கும் அறையில் உட்காரக் கூடாது. தண்டனையும் செய்த தவறுக்குப் பொருத்தமே இல்லாதது என்றது. சந்தையில் கடை போடுவது சலுகை, எப்போது வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்ற பேச்சு அங்கே எடுபடவில்லை.

இதற்காக, லைசென்ஸ் கேட்டு வரிசையில் நிற்கும் எல்லோருக்கும் ஒரே அளவு விசாரணை என்று நினைத்துவிடக் கூடாது. 1978இல் ஒரு குத்துச்சண்டை மேனேஜர் வழக்கில் மெகாரி என்ற நீதிபதி நல்ல பிரிவினை ஒன்று செய்தார். கையில் இருப்பதைப் பறிப்பது ஒன்று. புதுப்பிப்பார்கள் என்று நம்பி இருப்பவருக்கு மறுப்பது இன்னொன்று. முதன்முதலாக விண்ணப்பிப்பவருக்கு மறுப்பது மூன்றாவது. முதல் வகைக்கு முழுப் பாதுகாப்பு, மூன்றாவதுக்கு மிகக் குறைவு. நியாயமான பிரிவினைதான். லைசென்ஸை நம்பிக் கடனும் சரக்கும் வாங்கி, ஆட்களை வைத்து, வாடிக்கையாளர்களைச் சேர்த்தவரும், இன்னும் கடையே போடாதவரும் ஒன்றல்ல.

இந்தியாவில் இந்தப் பாதை 1967இல் வேகமெடுத்தது. ஒரிசாவில் டாக்டர் பீனாபாணி தேயின் பிறந்த தேதியை அரசே மாற்றி எழுதி, முன்னதாக ஓய்வு கொடுத்து அனுப்பிய வழக்கில், ஒருவரைப் பாதிக்கும் நிர்வாக உத்தரவாக இருந்தாலும் இயற்கை நீதி உண்டு என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 1969இல் கிரைபக் வழக்கு நிர்வாக முடிவுக்கும் நீதித்தன்மை வாய்ந்த முடிவுக்கும் நடுவில் இருந்த சுவரையே ஏறக்குறைய இடித்துவிட்டது. பிறகு 1977இல் மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டை 'பொதுநலன்' என்று சொல்லி முடக்கி, காரணத்தைச் சொல்லவும் மறுத்தார்கள். 1978 ஜனவரியில் வந்த அந்தத் தீர்ப்பு எல்லோருக்கும் தெரியும். ஆனால் அதன் முடிவு பலருக்குத் தெரியாது. முதலில் முடக்குகிறோம், பிறகு அவரைக் கேட்கிறோம் என்று அரசு உறுதி கொடுத்தது, நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்டது. அவசரமான நேரத்தில் இது தவிர்க்க முடியாதது என்றாலும், முடிவை எழுதிக் கையெழுத்துப் போட்டவர் பிறகு கேட்கும்போது எவ்வளவு திறந்த மனதோடு கேட்பார் என்பது சந்தேகம்தான்.

இப்போதெல்லாம் நோட்டீஸ் வராமல் போவது குறைவு. நோட்டீஸ் வரும், அதில் விஷயம் இருக்காது. கோழிக்கோட்டிலிருந்து நடக்கும் மீடியா ஒன் மலையாளச் செய்தி சானலுக்குக் கிடைத்த பத்தாண்டு அனுமதி 2021இல் முடிந்தது. புதுப்பிக்க விண்ணப்பித்தார்கள். 2022 ஜனவரியில் ஷோ காஸ் நோட்டீஸ் வந்தது. உள்துறை அமைச்சகம் பாதுகாப்பு அனுமதி மறுத்துவிட்டது, அதனால் ஏன் ரத்து செய்யக் கூடாது என்று கேட்டது. எதற்காக மறுத்தார்கள் என்பது அதில் இல்லை. குற்றம் என்னவென்று தெரியாமல் என்ன பதில் எழுதுவது? அந்த மாதக் கடைசியில் சானல் நிறுத்தப்பட்டது. கேரள உயர் நீதிமன்றத்தில் அரசு ஆவணங்களை மூடி முத்திரையிட்ட உறையில் கொடுத்தது. நீதிபதிகள் பிரித்துப் படித்தார்கள், அரசு சரி என்றார்கள். சானல்காரர்களுக்கு உறையின் வெளிப்புறம் மட்டும்தான் தெரிந்தது.

நக்குடா அலிக்காவது தன் ஸ்லிப்களில் எண்கள் திருத்தப்பட்டதாகப் புகார் என்பது தெரிந்திருந்தது. 2023 ஏப்ரல் 5 அன்று நீதிபதிகள் சந்திரசூட், ஹிமா கோலி அமர்வு அந்த மறுப்பை ரத்து செய்தது. தேசப் பாதுகாப்பு என்று ஒரு சொல்லைச் சொன்னால் மட்டும் இயற்கை நீதி மறைந்துவிடாது, காரணத்தை மறைப்பது ஏன் அவசியம் என்பதை அரசுதான் காட்ட வேண்டும் என்றது. நான்கு வாரத்துக்குள் அனுமதியைப் புதுப்பித்துக் கொடுக்கவும் உத்தரவிட்டது.